திறந்து கிடந்த பக்கம்

மிளகாய்க்குக் கோபம் வந்தால் முதலில் காது சிவக்கும். அடுத்து மூக்கு. அதற்குப் பிறகுதான் வாய் திறக்கும். வாய் திறப்பதற்குள் வீட்டில் எல்லோரும் ஆளுக்கொரு வேலையைத் தேடிக்கொண்டு நழுவிவிடுவார்கள்.

மிளகாய் என்பது பள்ளிக்கூடப் பெயர் இல்லை. அம்மா வைத்த பட்டப்பெயர். அவளுக்குப் பதினொரு வயது. ஒன்பது வயதில் சர்க்கரை நோய் வந்தது. "மிளகாய்க்குச் சர்க்கரையா?" என்று முதலில் சிரித்தவள் அவள்தான். அப்புறம் கட்டிலுக்கு அடியில் போய் உட்கார்ந்து அழுதவளும் அவள்தான்.

இப்போது பழகிவிட்டது. அவள் மேல்கையில் நாணயம் அளவுக்கு ஒரு சென்சார் ஒட்டியிருக்கும். அது ரத்தத்தில் சர்க்கரை எவ்வளவு என்று பார்த்துக்கொண்டே இருக்கும். இடுப்பில் தீப்பெட்டியை விடக் கொஞ்சம் பெரிய பம்ப் ஒன்று. அது தேவையான அளவு இன்சுலின் மருந்தை உடம்புக்குள் செலுத்தும். இரண்டும் தாங்கள் செய்வதை எல்லாம் ஆஸ்பத்திரி கம்ப்யூட்டருக்குச் சொல்லிவிடும். சர்க்கரை ரொம்ப இறங்கினால் அப்பாவின் போன் பெரிதாகக் கத்தும்.

அப்பா பேக்கரியில் ரொட்டி சுடுகிறவர். விடியும் முன்பே வேலைக்குப் போய், மதியம் வீட்டுக்கு வந்து தூங்குவார். ரொம்ப மரியாதையான மனிதர். பஸ்ஸில் யாராவது அவர் காலை மிதித்தால், "மன்னிச்சுக்கோங்க" என்று அவரே சொல்வார். அம்மா பஸ் டிரைவர். அந்தப் பஸ்ஸை ஓட்டுவது அம்மாவாக இருந்தால், அவர் கண்ணாடியில் பார்த்துத் தலையில் அடித்துக்கொள்வார்.

ஒரு சனிக்கிழமை மதியம். அம்மா வேலைக்குப் போயிருந்தார். அப்பா சோபாவில் தூங்கிக்கொண்டிருந்தார். மிளகாய் தன்னுடைய ஒரு வாரத்துச் சர்க்கரை அளவைப் பார்க்க நினைத்தாள். ஆஸ்பத்திரி ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு லிங்க் அனுப்பியிருந்தது. அப்பாவின் போனில் திரை கீறல் விழுந்து கிடந்ததால், அந்த லிங்க்கை முன்பே ஒரு தாளில் எழுதி வைத்திருந்தாள். அதைப் பார்த்துப் பார்த்து வீட்டுக் கம்ப்யூட்டரில் அடித்தாள். நீளமான லிங்க். கடைசியில் அவளுடைய நோயாளி எண்.

பக்கம் திறந்தது. மேலே 'வயது: நான்கு' என்று இருந்தது.

"எனக்கு எப்ப நாலு வயசாச்சு?" என்று மிளகாய் திரையிடம் கேட்டாள்.

பிறகுதான் கவனித்தாள். கடைசி எண்ணில் ஏழுக்குப் பதிலாக எட்டை அடித்திருக்கிறாள். இது வேறு யாரோ ஒரு பையனுடைய பக்கம். அவன் பெயர், வீட்டு முகவரி, அவன் அம்மாவின் போன் நம்பர், எவ்வளவு மருந்து போகிறது என்ற கணக்கு, எல்லாம் அப்படியே விரிந்து கிடந்தது. நீ யார் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. பாஸ்வேர்டு கேட்கவில்லை. அடியில் 'மருந்து அளவை மாற்று' என்று ஒரு பொத்தான் வேறு.

மிளகாயின் காது சிவந்தது.

'அப்படின்னா என் பக்கத்தையும் யார் வேணும்னாலும் இப்படித் திறக்கலாமா?'

பக்கத்தை மூடக் கையைக் கொண்டுபோனாள். அதற்குள் நடுவில் இருந்த எண் கண்ணில் பட்டது. ஐம்பத்தெட்டு. பக்கத்தில் கீழ்நோக்கி இரண்டு அம்புகள்.

அந்த அம்புகளை அவளுக்கு நன்றாகத் தெரியும். ஓர் அம்பு என்றால் சர்க்கரை இறங்குகிறது. இரண்டு என்றால் வேகமாக இறங்குகிறது. எழுபதுக்குக் கீழே போனாலே கை நடுங்கும், கண் இருட்டும். இந்நேரம் அந்தப் பையனுடைய அம்மாவின் போன் கத்தியிருக்க வேண்டும். ஆனால் எண்ணுக்குக் கீழே சின்ன எழுத்தில் ஒரு வரி இருந்தது.

'எச்சரிக்கை மணி: நிறுத்தப்பட்டுள்ளது.'

மிளகாய் ஓடிப்போய் அப்பாவை உலுக்கினாள். "அப்பா, எழுந்திருங்க. ஒரு குட்டிப் பையனுக்குச் சர்க்கரை இறங்குது."

"எந்தப் பையன்?"

"தெரியாது."

"தெரியாத பையனோட சர்க்கரை உனக்கு எப்படித் தெரியும்?"

"அதான்ப்பா எனக்கும் கோபம். முதல்ல போனைக் குடுங்க."

அப்பா பாதித் தூக்கத்தில் போனை நீட்டினார். அவள் அந்த நம்பரை அடித்தாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது. கடைசியில் ஒரு பெண் எடுத்தார். பின்னால் துணி துவைக்கும் மெஷின் சத்தம் கேட்டது.

"ஆன்ட்டி, உங்க பையன் என்ன பண்றான்?"

"தூங்கறான். யாரும்மா நீ?"

"அவனை உடனே எழுப்புங்க. சர்க்கரை இறங்கிட்டிருக்கு. ஜூஸ் குடுங்க. இல்லன்னா சர்க்கரைத் தண்ணி."

"போன் கத்தவே இல்லையே. நீ யாரு?"

"அப்புறம் சொல்றேன் ஆன்ட்டி. முதல்ல அவனைப் பாருங்க."

மெஷின் சத்தம் தூரமானது. காலடி ஓசை. "ஐயோ, சட்டையெல்லாம் நனைஞ்சிருக்கே. கண்ணைத் திறடா செல்லம். இதைக் குடி, மெதுவா, மெதுவா." போன் துண்டானது.

மிளகாய் கம்ப்யூட்டர் முன் வந்து உட்கார்ந்தாள். பெயரும் முகவரியும் இருந்த மேல்பகுதியைத் தன் கணக்கு நோட்டால் மறைத்துக்கொண்டாள். எண் மட்டும் தெரிந்தது. ஐம்பத்து மூன்று. ஐம்பத்து ஒன்று. அப்பா அவள் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றார். கொஞ்ச நேரம் எண் அசையவே இல்லை. பிறகு ஐம்பத்தாறு ஆனது. அம்பு நேராகப் படுத்தது. எழுபத்து நான்கு வந்ததும் மிளகாய் பக்கத்தை மூடினாள்.

சிறிது நேரத்தில் அந்த அம்மாவே கூப்பிட்டார். அவர் நன்றி சொல்வார் என்று அப்பா நினைத்தார்.

"யாருங்க நீங்க? என் பையனோட சர்க்கரை உங்களுக்கு எப்படித் தெரியும்? என் நம்பர் எப்படிக் கிடைச்சுது? எங்க வீட்டை யாராவது வேவு பாக்கறீங்களா?"

"மன்னிச்சுக்கோங்க" என்றார் அப்பா. "என் பொண்ணு ஒரு லிங்க்கைத் திறந்தா. அதுல தற்செயலா..."

"பையனைத் தூக்கிக்கிட்டு இப்பவே ஆஸ்பத்திரிக்குப் போறேன். அங்க சொல்லிக்கறேன்."

அப்பா போனையே பார்த்துக்கொண்டிருந்தார். "உதவி பண்ணதுக்கு இப்படிப் பேசறாங்களே."

"அவங்க கோபப்படறது சரிதான்ப்பா" என்றாள் மிளகாய். "என் நம்பரை யாரோ தெரியாதவங்க பாத்துட்டு உங்களைக் கூப்பிட்டா நீங்க என்ன பண்ணுவீங்க?"

அப்பா யோசித்தார். "மன்னிச்சுக்கோங்கன்னு சொல்லுவேன்."

"அப்பா."

"சரி, சரி. கிளம்பு. நாமும் போவோம்."

கிளம்பும் முன் அப்பா ஆஸ்பத்திரிக்குப் போன் செய்தார். 'உங்கள் குழந்தையின் பாதுகாப்பே எங்கள் மூச்சு' என்று ஒரு பதிவுசெய்த குரல் சொன்னது. பிறகு பாட்டு போட்டது. பாட்டு முடிந்ததும் மறுபடியும் மூச்சைப் பற்றிச் சொன்னது. மிளகாயின் மூக்கும் சிவந்துவிட்டது.

ஆஸ்பத்திரி மானேஜரின் அறையில் அந்த அம்மா ஏற்கெனவே உட்கார்ந்திருந்தார். மடியில் நான்கு வயதுப் பையன். அவன் மேல்கையிலும் அதே நாணய அளவு சென்சார். அவன் சின்னக் கையில் அது பெரிய நாணயமாகத் தெரிந்தது. கையில் பாதி குடித்த ஜூஸ் டப்பா.

மானேஜர் மடிப்புக் கலையாத சட்டை போட்டிருந்தார். பேனா மூடியைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தார். "நீங்கதானா அது?" என்று அப்பாவைப் பார்த்தார். "உங்க பொண்ணு எங்க கம்ப்யூட்டருக்குள்ள புகுந்திருக்கா. இதுக்குப் பேர் ஹேக்கிங். தெரியுமா?"

"நான் எங்கயும் புகலை" என்றாள் மிளகாய். "ஒரு நம்பரைத் தப்பா அடிச்சேன். பக்கம் தானா திறந்துச்சு."

"தப்பா அடிச்சா உடனே மூடியிருக்கணும்."

"மூடியிருந்தா?"

அந்த அம்மா குனிந்து மகனைப் பார்த்தார். அவன் ஜூஸ் குழாயை உறிஞ்சிக்கொண்டிருந்தான்.

மானேஜர் தொண்டையைச் செருமினார். "இது சின்ன விஷயம்மா. வெறும் சர்க்கரை நம்பர். அதை வெச்சு யாரு என்ன பண்ணப்போறாங்க? இதை ஏன் பெரிசு பண்றே?"

மிளகாய் அவரையே பார்த்தாள். "உங்க எடை எவ்வளவு சார்?"

"என்னது?"

"உங்க எடை. அப்புறம் உங்க ரத்த அழுத்தம். என்ன மாத்திரை சாப்பிடறீங்க, உங்க வீடு எங்க இருக்கு, எல்லாம் சொல்லுங்க. வெறும் நம்பர்தானே."

மானேஜரின் முகம் மாறியது. "அதெல்லாம் என் சொந்த விஷயம். அதை எதுக்கு நான் உன்கிட்ட..." அதோடு நிறுத்திக்கொண்டார்.

"என் நம்பரும் என் சொந்த விஷயம் சார். இவனோடதும்தான். இவனுக்குப் பேசத் தெரியாதுன்னு நெனச்சீங்களா?"

"எனக்குப் பேசத் தெரியும்" என்றான் பையன். பிறகு மானேஜரைப் பார்த்து, "மாமா, நீங்க எவ்ளோ வெயிட்டு?" என்று கேட்டான்.

அவன் அம்மா அவன் வாயில் குழாயைத் திருப்பி வைத்தார். அவர் உதட்டோரம் லேசாகத் துடித்தது.

மானேஜருக்கு இது பிடிக்கவில்லை. "விளையாட்டுப் பேச்செல்லாம் வேண்டாம். இந்தப் பையனோட எச்சரிக்கை மணியை யாரோ நிறுத்தியிருக்காங்க. பக்கத்தைத் திறந்தது நீதான். அப்ப நிறுத்தினதும் நீதானே?"

இவ்வளவு பெரிய பழியை மிளகாய் எதிர்பார்க்கவில்லை. வாய் திறந்தது, ஆனால் சத்தம் வரவில்லை. கண்ணில் நீர் முட்டியது. அதுவே அவளுக்கு இன்னும் கோபத்தைக் கிளப்பியது.

மானேஜர் அப்பாவின் பக்கம் திரும்பினார். குரலை இறக்கினார். "சார், நீங்க ஒரு மன்னிப்புக் கடிதம் எழுதிக் குடுத்துடுங்க. நாங்களும் இதை இதோட விட்டுடறோம். வெளியில யார்கிட்டயும் பேச வேண்டாம்."

அப்பா பழக்கதோஷத்தில் "மன்னி..." என்று ஆரம்பித்தார். பிறகு மகளின் முகத்தைப் பார்த்தார்.

"சார், நான் தினமும் பத்துப் பேர்கிட்ட மன்னிப்புக் கேக்கறவன். கேக்கறதுக்கு எனக்கு வெக்கமே கிடையாது. ஆனா இதுக்குக் கேக்க மாட்டேன். என் பொண்ணு தப்புப் பண்ணலை."

அப்பா இப்படிப் பேசி மிளகாய் கேட்டதே இல்லை. அவளுக்குக் குரல் திரும்ப வந்தது.

"சார், ஒவ்வொரு பக்கத்தையும் யாரு, எப்ப திறந்தாங்கன்னு கம்ப்யூட்டர்ல பதிவாகும்னு எங்க டீச்சர் சொல்லியிருக்காங்க. அதைப் பாருங்க. நான் நிறுத்தியிருந்தா அதுலயே தெரிஞ்சுடும்."

"அதெல்லாம் நெனச்ச நேரத்துல பாக்க முடியாது. திங்கட்கிழமை..."

"இப்பவே பாக்கணும்" என்றது ஒரு குரல்.

பேசியது பையனின் அம்மா. அவர் எழுந்து நின்றிருந்தார். "என் பையனோட மணியை யாரு நிறுத்தினாங்கன்னு தெரியாம நான் இந்த ரூமை விட்டுப் போக மாட்டேன். உங்ககிட்ட கருவிகளைப் பாத்துக்கற டெக்னீஷியன் இருக்காங்கல்ல? கூப்பிடுங்க."

டெக்னீஷியன் அக்கா மாடியிலிருந்து வந்தார். நடந்ததைக் கேட்டதும் அவர் மானேஜரின் கம்ப்யூட்டரில் உட்கார்ந்தார். வேகமாகத் தட்டினார். திரையில் வரிவரியாக எழுத்துகள் ஓடின. அவர் கை பாதியில் நின்றது.

"மணியை நிறுத்தினது நேத்து" என்றார். "இந்தப் பொண்ணு பக்கத்தைத் திறந்தது இன்னிக்கு மதியம். பாத்திருக்கா, மூடியிருக்கா. எதையும் தொடலை."

"அப்ப நேத்து யாரு?" என்று கேட்டார் அந்த அம்மா.

"யாரோ வெளியாளு. லிங்க்கோட கடைசியில இருக்கற நோயாளி நம்பரை மட்டும் மாத்தி மாத்தி, வரிசையா திறந்துக்கிட்டே போயிருக்கான். எல்லாப் பக்கத்தையும்."

"எல்லாமுமா?" என்று கேட்டாள் மிளகாய்.

"உன்னோடதும் சேத்துதான்."

மிளகாய் தன்னை அறியாமல் இடுப்புப் பம்பைக் கையால் மூடிக்கொண்டாள். முகம் தெரியாத யாரோ ஒருவன் எங்கேயோ உட்கார்ந்துகொண்டு அவள் வீட்டு முகவரியைப் படித்திருக்கிறான். அவளுக்கு எவ்வளவு மருந்து போகிறது என்று பார்த்திருக்கிறான். நினைக்கவே அருவருப்பாக இருந்தது.

"அந்தப் பொத்தான்?" என்று மெல்லக் கேட்டாள். "மருந்து அளவை மாத்தற பொத்தான்?"

"அதைத் தொடலை. தொட்டிருந்தா..." டெக்னீஷியன் அக்கா முடிக்கவில்லை. மானேஜரைப் பார்த்தார். "பாஸ்வேர்டு வைக்கணும்னு நான் சொன்னேன் சார்."

"பெத்தவங்க பாஸ்வேர்டை மறந்துட்டு ஓயாம போன் பண்றாங்க. அது ஒரு தலைவலின்னுதான்..." மானேஜரின் பேனா மூடி கீழே விழுந்து உருண்டது. அவர் எடுக்கவில்லை.

"நானும் ஒரு தடவை சொல்லிட்டுச் சும்மா இருந்துட்டேன்" என்றார் டெக்னீஷியன் அக்கா. "அது என் தப்பு."

மிளகாய் இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். "உங்களுக்குத் தலைவலின்னு எங்க எல்லார் கதவையும் திறந்தே போட்டுட்டீங்களா சார்?"

அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் மானேஜருக்குப் பதில் சொல்வது சுலபமாக இருந்திருக்கும். அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

திடீரென்று மிளகாய்க்கு வேறொன்று தோன்றியது. "அக்கா, வேற யாரோட மணியாவது நின்னிருக்கா?"

டெக்னீஷியன் அக்கா மறுபடியும் தட்டினார். "இன்னும் ஆறு பேரோடது."

"அப்ப அவங்களுக்கு முதல்ல சொல்லுங்க. தூங்கிக்கிட்டு இருப்பாங்க."

அதற்குப் பிறகு எல்லாம் வேகமாக நடந்தது. டெக்னீஷியன் அக்கா லிங்க்குகள் அத்தனையையும் முடக்கினார். நின்றுபோன மணிகளைத் திரும்ப இயக்கினார். அந்தப் பக்கங்களிலிருந்து மருந்து அளவை மாற்றும் வழியையும் அடைத்தார். இனி ஒவ்வொரு வீட்டுக்கும் தனித்தனி பாஸ்வேர்டு. அதைப் போட்டாலும், வீட்டுப் போனுக்கு வரும் ரகசிய எண்ணையும் சேர்த்துப் போட்டால்தான் பக்கம் திறக்கும். போலீசுக்கும் புகார் போனது.

அந்த ஆறு வீடுகளுக்கும் மானேஜரே போன் செய்தார். முதல் வீட்டில் ஒரு தாத்தா எடுத்தார். அவர் திட்டியது மேஜைக்கு இந்தப் பக்கம் வரை கேட்டது. மானேஜர் போனைக் காதிலிருந்து சற்றுத் தள்ளிப் பிடித்துக்கொண்டு, "ஆமாங்க. ஆமாங்க. எங்க தப்புதாங்க" என்றார். ஆறு குழந்தைகளும் நலமாக இருந்தார்கள்.

பையனின் அம்மா மிளகாயின் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "போன்ல உன்கிட்டயும் அப்பாகிட்டயும் கோபமா பேசிட்டேன் கண்ணு."

"பரவால்ல ஆன்ட்டி. நானா இருந்தா இன்னும் கத்தியிருப்பேன்."

"இவ கத்தறது அடுத்த தெருவுக்குக் கேக்கும்" என்றார் அப்பா. பையன் மரியாதையோடு மிளகாயை நிமிர்ந்து பார்த்தான்.

கடைசியாக, எல்லாக் குடும்பங்களுக்கும் ஒரு செய்தி அனுப்ப வேண்டியிருந்தது. மானேஜர் அதை அடித்துவிட்டு உரக்கப் படித்தார். "தொழில்நுட்ப மேம்பாட்டுப் பணி காரணமாக எங்கள் சேவையில் சில மாற்றங்கள் செய்யப்பட்டுள்ளன. தங்கள் ஒத்துழைப்புக்கு நன்றி."

"இது என்ன சார்?" என்றாள் மிளகாய்.

"செய்தி."

"இதைப் படிச்சா ஆஸ்பத்திரிக்குப் பெயின்ட் அடிக்கறீங்கன்னு நெனப்பாங்க. பக்கமெல்லாம் திறந்து கிடந்துச்சுன்னு இதுல எங்க இருக்கு? யாரோ வந்து பாத்துட்டுப் போனது எங்க இருக்கு?"

"அப்படியே எழுதினா எல்லாரும் பயந்துடுவாங்கம்மா."

"பயப்படட்டும் சார். நாளைக்கு ஒருத்தன் போன் பண்ணி, 'நான் ஆஸ்பத்திரிலேர்ந்து பேசறேன், உங்க பொண்ணுக்கு இவ்வளவு மருந்து போகுது'ன்னு சரியா சொன்னா எங்கப்பா நம்பிடுவாரு. கேக்கறதை எல்லாம் குடுத்துட்டு மன்னிப்பும் கேப்பாரு. உண்மை தெரிஞ்சாதானே ஏமாறாம இருக்க முடியும்?"

அப்பா மறுக்கவில்லை. "குடுத்திருப்பேன்" என்று ஒத்துக்கொண்டார்.

மானேஜர் அந்தச் செய்தியைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எழுத்து எழுத்தாக அழித்தார். மறுபடியும் அடிக்க ஆரம்பித்தார். இந்தத் தடவை அவர் உரக்கப் படித்துக் காட்டவில்லை.

வீட்டுக்கு வந்தபோது அம்மா வேலை முடிந்து வந்திருந்தார். பஸ் ஓட்டிய களைப்பில் காலை நீட்டி உட்கார்ந்தவர், கதையைக் கேட்கக் கேட்க நிமிர்ந்துவிட்டார். அப்பா மன்னிப்புக் கேட்க மறுத்த இடத்தை மட்டும் இரண்டு தடவை சொல்லச் சொன்னார்.

அப்போது அப்பாவின் போன் ஒலித்தது. மூவரும் கீறல் விழுந்த திரைமேல் குனிந்தார்கள். அப்பா படித்தார்.

"உங்கள் குழந்தைகளின் விவரங்களைப் பூட்டி வைக்காமல் விட்டுவிட்டோம். வெளியாள் ஒருவர் அவற்றைத் திறந்து பார்த்திருக்கிறார். சில குழந்தைகளின் எச்சரிக்கை மணியையும் நிறுத்தியிருக்கிறார். உங்கள் போனில் மணி வேலை செய்கிறதா என்று இப்போதே பாருங்கள். எங்கள் பெயரைச் சொல்லி யார் விவரம் கேட்டாலும் கொடுக்காதீர்கள். இது எங்கள் தவறு. மன்னித்துவிடுங்கள்."

மிளகாய் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

"கடைசி வரியை இன்னொரு தடவை படிங்கப்பா" என்றாள்.

அப்பா தொண்டையைச் சரிசெய்துகொண்டு, இன்னும் கொஞ்சம் சத்தமாகப் படித்தார்.